நூற்றெட்டுக் கணினிகளில் ஸ்டோர் நீக்கம்

6.10.2025, திங்கள்

மத்திகிரி டவுன் பஸ் இன்று சரியான நேரத்துக்கு வந்தது. நாள் உருப்படாது என்று அப்போதே தெரிந்திருக்க வேண்டும்.

புனே கஸ்டமரிடமிருந்து ஆடிட்டர் வந்திருந்தார். அவருக்காக நேற்று ஞாயிற்றுக்கிழமையிலும் ஆள் போட்டு, தரையில் மஞ்சள் கோடுகளுக்கு மறுபடி பெயின்ட் அடித்திருந்தார்கள். ஆயுத பூஜைக்கு மானிட்டர்களில் வைத்த சந்தனப் பொட்டைக்கூடச் சுரண்டி எடுத்தாயிற்று. பிரேக் பாகங்கள் செய்யும் கம்பெனி ஆஸ்பத்திரி மாதிரி பளபளத்தது. ஆடிட்டரும் திருப்தியாகத் தலையாட்டிக்கொண்டே பேக்கிங் ஹாலுக்குள் போயிருக்கிறார். அங்கே ஒரு கணினித் திரையில் தர்பூசணி ஒன்று இரண்டாகப் பிளந்து, சாறு தெறித்து, பின்னாலேயே ஒரு அன்னாசி பறந்து வந்திருக்கிறது. பழம் வெட்டும் விளையாட்டு. ஆடியவர் யாரென்று தெரியாது. நாற்காலி மட்டும் சுற்றிக்கொண்டிருந்ததாம்.

பதினோரு மணிக்கு விஜயகுமார் சார் கூப்பிட்டார். எச்.ஆரும் நிர்வாகமும் பார்க்கும் ஜி.எம். கோயம்புத்தூர்க்காரர், எவ்வளவு கோபம் வந்தாலும் ‘ங்க’ குறையாது.

"இந்த கேம்ஸ் எல்லாம் எங்கிருந்துங்க வருது?"

"ஸ்டோர்னு ஒண்ணு இருக்கு சார். கம்ப்யூட்டர் கூடவே வர்றது. அதுல போய் எடுத்துக்கலாம்."

"நம்ம கம்பெனிக்குள்ள கடை வெக்கறதுக்கு அவனுக்கு யாருங்க பர்மிஷன் குடுத்தது?"

பதில் சொல்லும்படியான கேள்வி இல்லை. இந்த வாரக் கடைசிக்குள் எல்லாக் கணினியிலும் ஸ்டோர் இருக்கக் கூடாது என்று உத்தரவு. எழுதிக்கொண்டு வந்தேன்.

7.10.2025, செவ்வாய்

ஐ.டி. டிபார்ட்மென்ட் என்றால் நான்தான். அஃப்ஸானா, வயது முப்பத்திரண்டு, யூ.பி.எஸ். அறைக்குப் பக்கத்தில் ஒரு மேஜை. டிபார்ட்மென்ட் மீட்டிங் போட வேண்டுமானால் கண்ணாடி முன்னால் உட்கார வேண்டும்.

சாரிடம் போய்ப் பொறுமையாகச் சொன்னேன். ஸ்டோரைப் பிடுங்க வேண்டாம், பூட்டிவிடலாம். சர்வரில் ஒரு விதி போட்டால் போதும், பத்து நிமிட வேலை, யாராலும் திறக்க முடியாது, உள்ளே இருக்கிற மற்றதெல்லாம் அப்படியே ஓடும்.

"பூட்டுனா எவனாச்சும் சாவி போட்டுத் தொறப்பானுங்க. வேரோட புடுங்கிப் போடுங்க. அதுல இருந்து வந்த ஆப் ஒண்ணு பாக்கி இருக்கக் கூடாது."

"சார், கால்குலேட்டர், போட்டோ பாக்கறது, மஞ்சக் கலர்ல குறிப்பு எழுதற ஆப் எல்லாம் அந்தக் கணக்குலதான் வரும்."

"கால்குலேட்டர் போன்ல இருக்குதுங்களே."

இருக்கிறது. போன் எங்கே இருக்கிறது? கேட்டில், செக்யூரிட்டி திம்மராயன் அண்ணன் பூட்டி வைக்கும் மர அலமாரியில். ஷாப் ஃப்ளோருக்குள் போன் கொண்டுவரக் கூடாது என்று ஆறு மாதம் முன்பு சுற்றறிக்கை விட்டவர் யார்? இதே சார். இதை நான் சொல்லவில்லை. கான்ட்ராக்டில் இருக்கும் பெண் ஒரு நாளைக்கு ஒரு உண்மைதான் சொல்லலாம். இன்றைக்கானது பூட்டு விஷயத்திலேயே செலவாகிவிட்டது.

ஆனால் மெயிலில் எழுதி அனுப்பினேன், என்னென்ன போகும் என்று. பதில் ஒரே வார்த்தை: ‘செய்யவும்.’

9.10.2025, வியாழன்

பட்டியல் தயார். மொத்தம் நூற்றுப் பதினான்கு கணினி. அதில் ஆறு லேப்டாப் மேனேஜ்மென்ட் உடையது, அதைத் தொட வேண்டாம் என்று இன்று தனியாக ஒரு மெயில். ஒழுக்கம் கீழிருந்து மேலே வளர்வது போலிருக்கிறது. ஆக நூற்றெட்டு. நல்ல எண்தான்.

12.10.2025, ஞாயிறு

விடுமுறை நாளில் போய் முடித்தேன். யாரும் இல்லாத கம்பெனி அழகாக இருக்கிறது. ஒரே கட்டளையில் எல்லாவற்றிலும் ஓடியது. காலை ஒன்பதுக்கு ஆரம்பித்து ஒரு மணிக்கு முடிந்தது. சந்தேகத்துக்குப் பத்துக் கணினியை நேரில் போய்ப் பார்த்தேன். துடைத்து வைத்தது போல இருந்தது.

வெளியே வரும்போது திம்மராயன் அண்ணன் கேட்டார். ஜவளகிரிக்காரர், பாதிப் பேச்சு கன்னடம். "ஆய்த்தா மேடம்?"

"ஆயிடுச்சுண்ணா."

"ஏன் தெகதுபிட்ரி?" எதை எடுத்தீர்கள் என்று கேட்கிறார். நான் விளக்கினேன். அவர் யோசித்துவிட்டு, "ஆடறவன் ஆடாம இருப்பானா?" என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. வேலை சுத்தமாக முடிந்த சந்தோஷத்தில் யார் என்ன சொன்னாலும் சிரிப்பு வரும்.

13.10.2025, திங்கள்

எட்டரைக்குள் முப்பத்தேழு பேர் கூப்பிட்டுவிட்டார்கள். கால்குலேட்டர் இல்லை. குவாலிட்டியில் அளவுகளின் சராசரியை அட்டைப் பெட்டியின் பின்பக்கம் பேனாவால் போட்டுக்கொண்டிருந்தார்கள். எம்.டெக். படித்தவர் ஒருவர் விரல் விட்டு எண்ணுவதைப் பார்த்தேன்; பார்க்காதது போல் வந்துவிட்டேன். மெயின்டனன்ஸில் இருந்து மெஷின் ரிப்பேர் படங்கள் திறக்கவில்லை என்றார்கள். பர்ச்சேஸில் நாற்பது கால்குலேட்டர் வாங்க பாகலூர் ரோடு கடைகளில் மூன்று கொட்டேஷன் கேட்டிருக்கிறார்களாம். வர ஒரு வாரம் ஆகும். அதுவரை இந்தக் கம்பெனியில் எவ்வளவு உற்பத்தி என்று ஆண்டவனுக்குத்தான் தெரியும்.

நான் உள்ளுக்குள் ரசித்தேன். ஒத்துக்கொள்கிறேன். மெயிலில் சொல்லியிருந்தேனே என்று ஒரு குஷி.

மூன்று மணிக்கு டிஸ்பாட்ச் ராசாத்தியக்கா வந்து என் மேஜைக்கு முன்னால் நின்றார். வேப்பனப்பள்ளிக்காரர், பதினோரு வருடமாக இங்கே லாரி ஏற்றி அனுப்புகிறவர்.

"கண்ணு, எம் மஞ்சச் சீட்டெல்லாம் எங்க?"

14.10.2025, செவ்வாய்

நேற்று அதற்கு மேல் எழுத முடியவில்லை.

அந்த மஞ்சள் குறிப்பு ஆப் போகும்போது அதில் எழுதியதையும் சேர்த்து எடுத்துக்கொண்டு போய்விடும். இது எனக்குத் தெரியும். தெரிந்திருந்தும் ஒரு நகல் எடுத்து வைக்கவில்லை. யாராவது அதில் எதையாவது உருப்படியாக எழுதி வைத்திருப்பார்கள் என்றே தோன்றவில்லை. ‘பால் வாங்கணும்’, ‘எல்.ஐ.சி. கட்டணும்’ — அவ்வளவுதான் இருக்கும் என்று நினைத்தேன். மெயிலில் எல்லாருக்கும் எச்சரிக்கை எழுதிய புத்திசாலி இவள்.

ராசாத்தியக்கா அதில் வைத்திருந்தது டிஸ்பாட்ச் முழுவதையும். பதினான்கு கஸ்டமர். ஒருவனுக்கு லேபிள் பெட்டியின் நீளப் பக்கம், ஒருவனுக்குக் குறுகிய பக்கம். ஒருவனுக்குப் பெட்டி அடுக்கும் பேலட் மரத்தில் இருக்கக் கூடாது. ஒருவனுடைய கேட்டில் பகல் இரண்டுக்கு மேல் லாரி விடமாட்டார்கள். எந்த டிரைவருக்கு எந்த மொழி, அவனிடம் என்ன சொல்ல வேண்டும் — கன்னடத்தைத் தமிழ் எழுத்தில் எழுதி வைத்திருக்கிறார், ‘கேட் ஹத்ர நில்சி’, கேட் பக்கத்தில் நிறுத்து, என்று. தெலுங்கு, இந்தி எல்லாம் அப்படியே. கஸ்டமர்கள் மாதா மாதம் மாற்றுவார்கள். அக்கா பழையதை அழித்துப் புதியதை எழுதுவார்.

"மனசுல வெச்சிக்கலியாக்கா?" என்று கேட்டுவிட்டேன்.

"எழுதி வெச்சா மறந்துடலாம்னுதான கண்ணு எழுதறது."

மீட்டெடுக்கும் மென்பொருள் மூன்று போட்டுப் பார்த்தேன். ஒன்றும் வரவில்லை. போனது போனதுதான்.

15.10.2025, புதன்

மறுபடி முயற்சி. இல்லை.

17.10.2025, வெள்ளி

நடந்துவிட்டது. திங்கட்கிழமை கிளம்பிய புனே லாரி நேற்றுப் போய்ச் சேர்ந்தது. எல்லாப் பெட்டியிலும் லேபிள் நீளப் பக்கத்தில். போன மாதம்தான் அவர்கள் குறுகிய பக்கத்துக்கு மாற்றியிருந்தார்கள். அவர்களுடைய ராக்கில் ஸ்கேனர் குறுகிய பக்கத்தைத்தான் பார்க்குமாம். ஒன்றும் படிக்கவில்லை. அசெம்பிளி லைன் இரண்டு மணி நேரம் நின்றது.

கஸ்டமர் லைன் நின்றால் இங்கே எழவு வீடுதான். கான்ஃபரன்ஸ் அறையில் மூன்று மீட்டிங். மூன்றிலும் ராசாத்தியக்கா நின்றுகொண்டே இருந்தாராம். உட்காரச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை. மாற்றத்தைச் சொல்லி வந்த மெயில் எங்கே என்று கேட்டிருக்கிறார்கள். அது போனில் சொன்னது. போனில் சொன்னதை அக்கா சீட்டில் எழுதியிருந்தார்.

சீட்டு என்ன ஆயிற்று என்று யாரும் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை. நான் அந்த அறையில் இல்லை.

இல்லை என்பது என்ன சாக்கு. கண்ணாடிக் கதவு வழியாகப் பார்த்துக்கொண்டே இரண்டு தடவை கடந்து போனேன்.

18.10.2025, சனி

எங்கள் தொழிலில் தவறு நடந்தால் ஒரு படிவம் நிரப்ப வேண்டும். ஒய்-ஒய் என்று பெயர். ‘ஏன்’ என்று ஐந்து முறை கேட்டு ஐந்து வரி எழுத வேண்டும். ஐந்தாவது வரியில் மூலகாரணம் இருக்கும். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மேனேஜர் பெயர் வருவதற்கு முந்தைய வரியிலேயே எல்லா ஏனும் தீர்ந்துபோகும்படி எழுதுவதில்தான் திறமை.

விஜயகுமார் சார் நிரப்பியது இன்று என் கையெழுத்துக்கு வந்தது. ‘சிஸ்டத்தில் கோளாறு இல்லை’ என்று ஐ.டி. உறுதி செய்ய வேண்டுமாம்.

லைன் ஏன் நின்றது? லேபிளை ஸ்கேனர் படிக்கவில்லை. ஏன்? லேபிள் தவறான பக்கம். ஏன்? டிஸ்பாட்ச் ஊழியர் விதியைப் பின்பற்றவில்லை. ஏன்? கவனக்குறைவு. ஏன்? பயிற்சிக் குறைவு. நடவடிக்கை: ஊழியரை விசாரணை முடியும்வரை பணியிலிருந்து நிறுத்தி வைத்தல். தீபாவளி முடிந்ததும் கடிதம்.

பதினோரு வருடத்துக்கு ஒரே வரி: கவனக்குறைவு.

கையெழுத்துப் போடவில்லை. போட மாட்டேன் என்றும் சொல்லவில்லை. பைக்குள் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். வீரம் இவ்வளவுதான்.

20.10.2025, திங்கள், தீபாவளி

பக்கத்து வீட்டு ஜெயப்ரியா முறுக்கும் அதிரசமும் கொடுத்தாள். என் வீட்டுக்காரர் சாஜித் பாதித் தட்டைக் காலி செய்தபிறகு படிவத்தை எடுத்துப் படித்தார். அவரும் சிப்காட்டில்தான், வேறு கம்பெனி. ஒய்-ஒய் அவருக்கும் தெரியும்.

"இதுல ஒரு ஏன் பாக்கி இருக்கு. சீட்டு ஏன் காணாமப் போச்சு?"

"தெரியும்."

"தெரிஞ்சா எழுது."

"எழுதுனா என் பேர் வரும்."

"இப்ப எழுதலன்னா மட்டும் யார் பேர் வருது?"

மனுஷன் அதிரசத்தை மென்றுகொண்டே கேட்கிறார். என்னைப் பற்றி எனக்கு ஒரு நினைப்பு இருந்தது — மற்றவர்களெல்லாம் முட்டாள், நான் பார்த்துச் சிரிக்கிறவள் என்று. நல்லா சிரிச்ச போ.

22.10.2025, புதன்

எழுதிவிட்டேன். புதுப் படிவம் எடுத்து, நான்காவது வரி: ஊழியரின் குறிப்புகள் இருந்த செயலியை ஐ.டி. பிரிவு நகல் எடுக்காமல் நீக்கியது. ஐந்தாவது வரி: விளைவுகளை முன்பே தெரிவித்தும், எல்லாச் செயலிகளையும் நீக்கும்படி நிர்வாகம் உத்தரவிட்டது. மெயில் இணைப்பு.

அச்செடுத்துக்கொண்டு போகும் வழியில் புரொடக்ஷன் இன்ஜினியர் ஹரீஷ்குமார் கூப்பிட்டார். குவாலிட்டி அறையில் ஒரு திரை. தர்பூசணி பிளந்துகொண்டிருந்தது.

"மேடம், இது ஸ்டோர்ல இருந்து வர்றது இல்ல. ப்ரவுசர்லயே ஓடும். லிங்க் போட்டா போதும்."

பார்த்தேன். இணையப் பக்கம். ஆடிட்டர் வந்த அன்றைக்கும் அதுதான் ஓடியிருக்கும். அன்று அந்தக் கணினியை நான் திறந்துகூடப் பார்க்கவில்லை. சார் ஸ்டோர் என்றார், நானும் ஸ்டோர் என்றேன். நூற்றெட்டுக் கணினியில் கால்குலேட்டரும் ஒரு பெண்ணின் பதினோரு வருடமும் போயிற்று; பழம் மட்டும் பத்திரமாக இருக்கிறது.

23.10.2025, வியாழன்

சார் என் படிவத்தை இரண்டு தடவை படித்தார். கோபப்படவில்லை, அதுதான் பயமாக இருந்தது. பேனாவை எடுத்து ஐந்தாவது வரியை அடித்தார்.

"நாலாவது வரி நல்லா எழுதியிருக்கீங்க. நேர்மையா இருக்குது. ஆனா அஞ்சாவது வரி எப்பவும் ட்ரெயினிங்லதாங்க போய் முடியோணும். அதுதான் ஃபார்மட்."

‘ஐ.டி. ஊழியருக்குப் பயிற்சிக் குறைவு’ என்று எழுதினார். ராசாத்தியக்காவை நிறுத்தி வைக்கும் நடவடிக்கையையும் மாற்றச் சொன்னேன். "அது இனி எதுக்குங்க, ஒருத்தர் போதும்" என்று அவரே எடுத்துவிட்டார். பழம் ப்ரவுசரில் ஓடுவதையும் சொன்னேன்.

"அத வெளிய சொல்லாதீங்க. நூறு சதவீதம் முடிஞ்சுதுன்னு ஹெட் ஆபீசுக்கு ரிப்போர்ட் போயிருச்சு."

ஆக: அக்காவுக்குக் கடிதம் இல்லை. எனக்கு எச்சரிக்கைக் கடிதம். மூன்று வருடமாக ‘அடுத்த ஏப்ரல்’ என்று தள்ளிக்கொண்டே போகும் வேலை நிரந்தரக் கன்ஃபர்மேஷன் இப்போது எந்த ஏப்ரல் என்றே இல்லாமல் போயிற்று. அழுகை வந்தது, பாத்ரூமில் அழுதேன். கூடவே ஒரு நிம்மதி. இரண்டும் ஒரே நேரத்தில் வருமென்று தெரியாது.

24.10.2025, வெள்ளி

பதினோரு பக்க அறிக்கை புனேக்குப் போனது. நான்கு நிமிடத்தில் பதில் வந்தது: ஏற்றுக்கொள்ளப்பட்டது, மூடப்பட்டது. முதல் பக்கமாவது படித்தார்களா தெரியவில்லை.

27.10.2025, திங்கள்

என் பயிற்சி இன்று. ‘நகல் எடுப்பது எப்படி’, இரண்டு மணி நேரம், ஆன்லைன். லிங்கைத் தட்டினேன். பயிற்சிக்கான செயலியை ஸ்டோரிலிருந்து தரவிறக்கிக்கொள்ளவும் என்று வந்தது.

கடைசியில் சார் தன்னுடைய லேப்டாப்பைக் கொடுத்தார். தொடக் கூடாத ஆறில் ஒன்று. அவருடைய அறையிலேயே உட்கார்ந்து பார்த்தேன். பாதியில் திரையின் ஓரத்தில் ஒரு அறிவிப்பு வந்தது: உங்கள் ஐந்து உயிர்களும் நிரம்பிவிட்டன, ஆட வாருங்கள். நான் சாரைப் பார்த்தேன். சார் ஜன்னலைப் பார்த்தார். பயிற்சியில் எண்பது மதிப்பெண்.

31.10.2025, வெள்ளி

இந்த மாதத்தின் சிறந்த கைசன் நான். அதாவது சிறந்த முன்னேற்ற யோசனை. நோட்டீஸ் போர்டில் என் போட்டோ. கீழே இரண்டு படம். ‘முன்’ — திரையில் ஸ்டோர் படம் இருக்கிறது. ‘பின்’ — இல்லை. எவர்சில்வர் டிபன் பாக்ஸ் பரிசு, எல்லாரும் கை தட்டினார்கள். எச்சரிக்கைக் கடிதத்தை அந்த டிபன் பாக்ஸுக்குள் மடித்து வைத்திருக்கிறேன். அளவு சரியாக இருக்கிறது.

3.11.2025, திங்கள்

சார் புது வேலை கொடுத்திருக்கிறார். ராசாத்தியக்காவோடு உட்கார்ந்து, அவருக்குத் தெரிந்ததையெல்லாம் கேட்டு, சர்வரில் ஒரு கோப்பாக அடிக்க வேண்டும். "இனிமே ஒருத்தர் தலைக்குள்ள எதுவும் இருக்கக் கூடாதுங்க." எனக்கும் நியாயமாகப் பட்டது. அழித்தவள் நான், திருப்பித் தருவதும் நானாக இருக்கட்டும்.

டிஸ்பாட்சில் ஒரு ஸ்டூல் போட்டு உட்கார்ந்தேன். அக்கா அரை மணி நேரம் பேலட்டுக்கு ஸ்ட்ராப் கட்டுவதையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம், "உம் பேர எதுக்கு எழுதுன?" என்றார்.

"நான்தானக்கா அழிச்சேன்."

"அத நானே சொல்லியிருப்பனே, சொல்லணும்னா. உனுக்கு ரெண்டு வாயி தின்ன வேல இருக்கட்டும்னு உட்டன்." பிறகு, "சரி, எழுது. மொதல்ல புனே" என்றார்.

7.11.2025, வெள்ளி

ஐந்து நாள் ஆயிற்று. நடுநடுவே லாரி வரும், அக்கா எழுந்து போவார், கன்னடத்தில் ஒருவனைத் திட்டிவிட்டு இந்தியில் ஒருவனுக்கு டீ சொல்லிவிட்டு வருவார். ஒரு சீட்டு ஞாபகம் வந்தால் அதற்குப் பின்னால் ஒரு கதை வரும். சென்னைக் கஸ்டமருக்கு ஏன் பச்சை நாடா என்பதற்கு முக்கால் மணி நேரம். இவ்வளவு விஷயத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இந்தக் கம்பெனி இவரை ‘டேட்டா என்ட்ரி’ என்று கூப்பிடுகிறது.

மொத்தம் அறுபத்து நான்கு சீட்டு. கடைசியை அடித்து முடித்ததும், "அவ்வளவுதானாக்கா?" என்றேன்.

"அவ்ளோதான்" என்று எழுந்துகொண்டார்.

கோப்பு அழகாக வந்திருக்கிறது. நகல் மூன்று இடத்தில் எடுத்து வைத்தேன்.

10.11.2025, திங்கள்

சார் கோப்பைப் பார்த்தார். முகம் மலர்ந்தது. பக்கத்தில் இருந்த ஹரீஷ்குமாரிடம் திருப்பிக் காட்டினார்.

"பாத்தீங்களா? இனி டிஸ்பாட்ச யாரு வேணா பாக்கலாமுங்க. ஒரு அப்ரன்டிஸ் போதும்."

பிறகு ராசாத்தியக்காவைக் கூப்பிட்டு, பதினோரு வருடத்தில் லீவே எடுத்ததில்லையே, ஒரு வாரம் போய் ஓய்வெடுத்துக்கொள்ளுங்கள் என்றார். இவ்வளவு அன்பாகப் பேசி நான் கேட்டதில்லை. அந்த வாரம் ஹரீஷ்குமார் கோப்பைப் பார்த்து நடத்துவார். சரியாக வந்தால் அக்காவிடம் ‘மேற்கொண்டு பேசலாம்’. மேற்கொண்டு என்றால் என்னவென்று இங்கே எல்லாருக்கும் தெரியும்.

அக்கா சாரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

நான் என்ன பண்ணியிருக்கேன்? கவனக்குறைவுன்னு அவங்கள வீட்டுக்கு அனுப்பப் பாத்தாங்க, தடுத்தேன். இப்ப நானே அஞ்சு நாள் பக்கத்துல உக்காந்து, டீ குடிச்சு, கத கேட்டு, அவங்க இல்லாமலே வேல நடக்கறதுக்கு எழுதி வாங்கிக் குடுத்திருக்கேன். மூணு நகலோட. அவங்ககிட்ட இருந்தது அது ஒண்ணுதான். முதல்ல அழிச்சேன், அப்புறம் எடுத்து அவர் கையில குடுத்தேன். ரெண்டாவதுதான் பெரிய திருட்டு.

11.11.2025, செவ்வாய்

டிஸ்பாட்ச் பக்கம் போகவில்லை.

13.11.2025, வியாழன்

புனே லாரி செவ்வாய்க்கிழமை கிளம்பிவிட்டது. ஹரீஷ்குமார் கெட்டிக்காரர், கோப்பை அச்செடுத்து ஒவ்வொரு வரிக்கும் டிக் போட்டு ஏற்றினார். லேபிள் குறுகிய பக்கம். பேலட் சரி. நேரம் சரி. சார் டிக் போட்ட தாளைப் பார்த்து, "இதுதானுங்க சிஸ்டம்" என்றார்.

நாளைக்கு இறக்கியாகிவிடும். அதோடு முடிந்தது.

15.11.2025, சனி

இறக்கவில்லை.

லாரி நேற்றுக் காலையிலிருந்து புனே கேட்டில் நிற்கிறது. காகிதம் சரி, லேபிள் சரி. உள்ளே விடமாட்டேன் என்கிறார்கள், காரணமும் சொல்ல மாட்டேன் என்கிறார்கள். ஹரீஷ்குமார் பதினெட்டு போன் போட்டார். சார் ஆறு போட்டார். எல்லோரும் ‘பார்க்கிறோம்’ என்கிறார்கள். திங்கள் காலைக்குள் சரக்கு உள்ளே போகாவிட்டால் மறுபடி லைன் நிற்கும். ஒரே கஸ்டமருக்கு இரண்டாவது தடவை. அப்போது ஐந்தாவது வரியில் பயிற்சி போதாது, ஜி.எம். தேவைப்படுவார்.

பதினொன்றரைக்கு சாருடைய காரே வேப்பனப்பள்ளிக்குப் போனது. இரண்டு மணிக்கு ராசாத்தியக்கா வந்து இறங்கினார். மாந்தோப்பில் களை எடுத்துக்கொண்டிருந்தாராம். காலில் மண்கூடப் போகவில்லை. சார் கதவைத் திறந்துவிட்டார். நாற்காலி போட்டார்கள். டீ வந்தது. அக்கா டீயை முழுவதும் குடித்தார், அவசரப்படவில்லை.

திம்மராயன் அண்ணனுடைய கேட் அறையில் இருக்கும் லேண்ட்லைனில்தான் பேசுவேன் என்றார். கதவைச் சாத்திக்கொண்டார். நாங்கள் வெயிலில் நின்றோம்: ஜி.எம்., இன்ஜினியர், ஐ.டி. டிபார்ட்மென்ட். கண்ணாடி வழியே அவர் யாரிடமோ சிரித்துப் பேசுவது தெரிந்தது. நான்கு நிமிடம்.

வெளியே வந்து, "உட்டாச்சு" என்றார். பதினைந்து நிமிடத்தில் டிரைவர் போன் செய்தான், லாரி உள்ளே போய்விட்டதென்று.

"யாருகிட்டங்க பேசுனீங்க? என்ன சொன்னீங்க?" சார் கேட்டார்.

"தெரிஞ்சவங்கதான் சார்."

"அது கோப்புல இல்லீங்களே."

"அப்டிங்களா? மறந்து போயிருக்கும் சார். வயசாவுதில்ல." அவருக்கு நாற்பத்தொன்று.

17.11.2025, திங்கள்

ராசாத்தியக்கா லீவு ரத்து. ‘மேற்கொண்டு பேசலாம்’ என்பதைப் பற்றி மேற்கொண்டு யாரும் பேசவில்லை. ஹரீஷ்குமார் நிம்மதியாகப் புரொடக்ஷனுக்கே போய்விட்டார். கால்குலேட்டர்கள் இன்றுதான் வந்து சேர்ந்தன, நாற்பதில் முப்பத்தொன்று.

சார் என்னைக் கூப்பிட்டார். அந்தம்மாவிடம் பக்குவமாகப் பேசி, விட்டுப்போனதையும் வாங்கிக் கோப்பில் ஏற்றிவிடுங்கள் என்றார். ஏற்றிவிட்டால் என் கன்ஃபர்மேஷன் பற்றி ஏப்ரலில் அவரே ஹெட் ஆபீஸில் பேசுகிறாராம்.

"சரிங்க சார்" என்று வந்தேன்.

20.11.2025, வியாழன்

மதியம் சாப்பாட்டு நேரத்தில் டிஸ்பாட்சுக்குப் போனேன். அக்கா களியும் கீரையும் கொண்டுவந்திருந்தார். பாதியை என் தட்டில் வைத்தார். சார் என்ன சொன்னார், என்ன தருவதாகச் சொன்னார் என்று எல்லாவற்றையும் அப்படியே சொல்லிவிட்டேன். ஒன்றையும் மறைக்கவில்லை.

அவர் சாப்பிட்டு முடித்துக் கை கழுவிவிட்டு வந்தார். என் பக்கத்தில் உட்கார்ந்து, புனே கேட்டில் இருப்பவர் யார், அவரிடம் என்ன சொல்ல வேண்டும், எப்போது சொல்லக் கூடாது என்று மெதுவாகச் சொன்னார். மூன்றே வாக்கியம். நான் கேட்கவே இல்லை, அவராகத்தான் சொன்னார்.

"இப்ப உனுக்கும் தெரியும். போய் எழுதறதுன்னா எழுது" என்றார்.

22.11.2025, சனி

சார் கேட்டார். அந்தம்மாவுக்கு ஞாபகம் வரவில்லையாம் சார் என்றேன்.

கோப்பில் அறுபத்து நான்கு இருக்கிறது. அறுபத்தைந்தாவதை இங்கேயும் எழுதப்போவதில்லை.